நான் பார்க்காத அத்திவாரம்

போன கிழமை எங்கள் பழைய கந்தோரிலிருந்து ஒருவர் என்னைத் தேடி வந்திருந்தார். நான் ஓய்வுபெற்றபோது காலியான கதிரையில் இப்போது இருக்கும் தொழில்நுட்ப உத்தியோகத்தர். சபை தன் கட்டட விதிகளைத் திருத்தப் போகிறதாம். வீடுகளுக்கு அத்திவாரம் பார்ப்பது பழையபடி இருக்கும். வளவு மதில்களுக்கு மட்டும் அந்தப் பரிசோதனையை விட்டுவிடலாம் என்று சில உறுப்பினர்கள் சொல்லுகிறார்களாம். "மதிலுக்குள்ளை ஆர் ஐயா குடியிருக்கினம், விழுந்தால் திரும்பக் கட்டலாம்தானே எண்டு கேக்கினம்," என்றார். மதிலுக்கு அத்திவாரம் தேவையா இல்லையா என்று என் அனுபவத்தை வைத்து ஒரு பக்கம் எழுதித் தந்தால் கூட்டத்தில் வாசிப்பதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

ஒரு பக்கம் எழுதினேன். எத்தனை அடி ஆழம், எவ்வளவு அகலம், எந்த மண்ணுக்கு எப்படி என்று எல்லாம் எழுதினேன். எழுதியதில் பிழை ஒன்றும் இல்லை. ஆனால் வாசித்துப் பார்த்தபோது அதை என்னைப் போன்ற வேறு எந்த ஓவசியரும் எழுதியிருக்கலாம் என்று தோன்றியது. நான் எழுத வேண்டியது அரியாலையில் ஒரு சின்னத் தெருவில், ஓர் ஒழுங்கையில், நின்ற ஒரு மதிலைப் பற்றி. இருபது வருடத்துக்கு மேலாகிவிட்டது. என் மனைவிக்குக்கூட அதை நான் முழுதாகச் சொன்னதில்லை.

ஐம்பத்தாறாம் ஆண்டில் பயிற்சிக்குச் சேர்ந்தேன். கொழும்பில் இரண்டு வருடம். சங்கிலி பிடிக்கவும் மட்டம் பார்க்கவும் கல்லுக்கும் மண்ணுக்கும் கணக்குப் போடவும் படிப்பித்தார்கள். பிறகு குடாநாட்டுக்குள்ளேயே ஒரு சபையில் ஓவசியராக நியமனம் கிடைத்தது. மூன்று வருடம் தகுதிகாண் காலம். அது முடிந்து நிரந்தரமாக்கும் கடிதம் வரும்வரை எந்த நாளும் வீட்டுக்கு அனுப்பிவிடலாம். எனக்கு அப்பா இல்லை. தெல்லிப்பழையில் அம்மாவும் கலியாண வயதில் ஒரு தங்கையும். அந்தக் கடிதத்துக்காக நாங்கள் மூன்று பேருமே காத்துக்கொண்டிருந்தோம்.

தென்னோலைக் கிடுகு வேலிகளைக் கழற்றிவிட்டு ஆட்கள் சீமெந்துக்கல் மதில் கட்டத் தொடங்கிய காலம் அது. ஒழுங்கையோரம் மதில் கட்டுவதென்றால் சபையின் அனுமதி வேண்டும். அத்திவாரக் கிடங்கு வெட்டி முடிந்ததும், கல் வைப்பதற்கு முன், கந்தோருக்கு அறிவிக்க வேண்டும். ஓவசியர் போய்க் கிடங்கைப் பார்த்து, ஒரு படிவத்தில் நீளம், ஆழம், அடிமண் என்று நிரப்பி, 'பார்வையிட்டேன்' என்ற சொல்லுக்குக் கீழே கையொப்பம் வைக்க வேண்டும். அதற்குப் பிறகுதான் முதற்கல் வைக்கலாம்.

வளவுக்காரர் எல்லாரும் ஒரே கேள்வியைத்தான் கேட்பார்கள். கூரையில்லாத, பாரமில்லாத மதிலுக்கு எதற்கு அத்திவாரம் என்று. தெல்லிப்பழை, சண்டிலிப்பாய்ப் பக்கத்தில் அந்தக் கேள்வியில் நியாயமும் உண்டு. செம்மண்ணை ஒரு முழம் கிளறினால் சுண்ணாம்புப் பாறை தெரியும். அதன்மேல் நேராகக் கல்லை வைத்துக் கட்டிய மதில்கள் இன்றும் நூல் பிடித்ததுபோல நிற்கின்றன. அரியாலை அப்படியல்ல. கடல்நீரேரியை அண்டிய மணல். மணலுக்குக் கீழே சில இடங்களில் சேறு, சில இடங்களில் எப்போதோ யாரோ நிரவிவிட்ட பள்ளம். மேலே பார்த்து ஒன்றும் சொல்ல முடியாது.

எங்கள் வேலைகள் அத்தியட்சகரின் பெயர் அருளம்பலம். அப்போது அவருக்கு ஐம்பது வயதிருக்கும். அவர் சத்தம் போட்டுக் கதைத்து நான் கேட்டதில்லை. அதனாலேயே எங்களுக்குப் பயம் கூட. கிடங்கு பார்க்க அவரும் சிலவேளை வருவார். வந்ததும் சப்பாத்தைக் கழற்றி, காலுறைகளை அதற்குள் செருகி, இரண்டையும் ஒழுங்காகக் கரையில் வைப்பார். காற்சட்டையை மூன்று மடிப்பு மடித்துவிட்டுக் கிடங்குக்குள் இறங்குவார். அலவாங்கை, அந்தக் கனத்த இரும்புக் கம்பியை, இடுப்பளவு தூக்கி, நெட்டுக்குத்தாகக் கைவிடுவார். ஆறடிக்கு ஒரு தடவை அப்படிச் செய்துகொண்டே போவார். பாறையில் விழுந்தால் ணங்கென்று கேட்கும். களியில் தொம்மென்று அடங்கும். நிரவிய மண்ணென்றால் சத்தமே வராது. அலவாங்கு தன்பாட்டில் உள்ளே போய் நிற்கும். அப்போது அதை இழுத்து, நுனியில் ஒட்டிய மண்ணை விரலால் வழித்து மூக்கடியில் கொண்டுபோய் மணந்து பார்ப்பார். வெள்ளைக் காற்சட்டையோடு ஒரு பெரிய உத்தியோகத்தர் சேற்றை மணப்பதைப் பார்த்து வளவுக்காரர் சிரிப்பை அடக்குவார்கள். அவர் கவனிக்கமாட்டார்.

கந்தோரில் எங்கள் படிவங்களை ஒரு சொல் விடாமல் வாசிப்பார். வாசித்து முடிந்து, பேனாவைத் திறந்து, கையொப்பம் வைக்கமுன் தலையை நிமிர்த்தி ஒரு சொல் கேட்பார்.

"கண்டனீரோ?"

"ஓம் ஐயா" என்றால் கையொப்பம் விழும். சற்றுத் தயங்கினால் பேனாவை மூடி, மூடியைத் திருகித் திருகி இறுக்குவார். நாங்கள் திரும்பப் போய்ப் பார்த்துவிட்டு வரும்வரை அந்தப் படிவம் அவர் மேசையில் அப்படியே கிடக்கும்.

எனக்கு முன்பே அங்கிருந்த ஓர் ஓவசியர் தான் பார்க்காத ஒரு மதகைப் பார்த்ததாக எழுதியிருந்தார். மதகு இறங்கிய பிறகு விடயம் வெளியே வந்தது. அருளம்பலம் அவரை அனுப்பிவிட்டார். அவர் போனது நான் சேர்ந்து இரண்டாம் கிழமை. ஒரு கையில் குடை, மற்றக் கையில் சாப்பாட்டுக் கரியர். கந்தோரில் இருந்த யாரும் அவரோடு வாசல்வரை போகவில்லை. நானும் போகவில்லை.

விசுவலிங்கம் முதலாளி சண்டிலிப்பாய்க்காரர். புகையிலை வியாபாரம். மகளுக்குச் சீதனமாகக் கொடுக்க அரியாலையில் ஒரு வளவு வாங்கி வீடு கட்டியிருந்தார். தை மாதம் கலியாணம். அதற்குள் ஒழுங்கைப் பக்கம் நூறடி நீளத்துக்கு ஆறடி உயரத்தில் மதில் வேண்டும் என்று விண்ணப்பித்தார். தன் ஊரிலிருந்தே பொன்னுத்துரை என்ற மேசனையும் கூட்டி வந்தார். பொன்னுத்துரையின் கைவேலையை நான் முன்பே பார்த்திருக்கிறேன். அவர் கட்டிய மதிலில் ஒரு கல் மற்றக் கல்லை விட்டு ஒரு நூலளவு வெளியே நிற்காது.

ஆவணி மாதத்தில் ஒரு நாள் கிடங்கு தயார் என்று அறிவித்தல் வந்தது. அன்று என் சிநேகிதன் ஒருவனுக்குக் கலியாணம். போகிற வழியில் கிடங்கைப் பார்த்துவிட்டுப் போவோம் என்று எண்ணி, கஞ்சி போட்டு மினுக்கிய வெள்ளைக் காற்சட்டையும் புதுச் சேட்டுமாகச் சைக்கிளில் புறப்பட்டேன். முதல்நாள் எதிர்பாராமல் நல்ல மழை. ஒழுங்கை முழுதும் சேறு. சந்தியிலிருந்த தேத்தண்ணிக் கடையில் பொன்னுத்துரை நின்றார். என்னைக் கண்டதும் பக்கத்தில் வந்தார்.

"ரெண்டடி வெட்டியாச்சு ஐயா. அடியிலை கல்லு. முதலாளி அவதிப்படுறார். நீங்கள் ஒருக்கா வந்து பாத்தா இண்டைக்கே துவங்கலாம்."

நான் ஒழுங்கையைப் பார்த்தேன். பிறகு என் காற்சட்டையைப் பார்த்தேன். பெரிய காரணம் ஒன்றும் இல்லை, இதுதான் காரணம். ரெண்டடியும் கல்லும் என்றால் சரிதானே, துவங்குங்கோ என்று சொல்லிவிட்டுச் சைக்கிளைத் திருப்பினேன்.

மறுநாள் படிவத்தை நிரப்பினேன். ஆழம் இரண்டடி. அடி பாறை. பார்வையிட்டேன். அருளம்பலம் வாசித்தார். 'பாறை' என்ற சொல்லில் அவருடைய கண் வழமையை விடச் சற்றுக் கூட நின்றது. நிமிர்ந்து கேட்டார். "ஓம் ஐயா" என்றேன். அவர் கையொப்பம் வைத்தார்.

மதில் எழும்பியது. அழகான மதில்தான். ஒழுங்கையின் கிழக்குப் பக்கமாக நின்றதால் காலையில் அதன் நிழல் ஒழுங்கையின் பாதிக்கு விழும். நாகம்மா என்று ஒரு மீன்காரி இருந்தார். வருடக்கணக்காக ஒழுங்கையின் மற்றப் பக்கம் வெயிலில் இருந்து மீன் விற்றவர். மதில் வந்த பிறகு நிழலுக்காக இந்தப் பக்கம் மாறி, மதிலடியில் சாக்கை விரித்துக் கடகத்தை வைத்துக்கொண்டு, முதுகை மதிலில் சாத்தி இருக்கத் தொடங்கினார். வேலைக்குப் போகிறவர்கள், பள்ளிக்கூடத்துக்குப் பிள்ளைகளை விட்டுவிட்டு வருகிறவர்கள் எல்லாரும் அந்த நிழலில் நின்றுதான் மீன் வாங்குவார்கள். நானும் அந்த வழியால் போய்வருகிறவன்தான். மதிலைப் பார்த்தால் சந்தோசமாகவே இருந்தது. என் பயமெல்லாம் கார்த்திகை மாதம்தான் தொடங்கியது.

நாலு நாள் விடாமல் மழை பெய்து ஓய்ந்த ஒரு காலை. சைக்கிளில் போகும்போது மதிலின் நடுப்பகுதியில் மேல்வரிக் கற்கள் நேர்கோட்டிலிருந்து விலகியிருப்பதுபோலப் பட்டது. இறங்கிப் பார்த்தேன். இரண்டு கற்களுக்கிடையே மேலிருந்து கீழாக மயிரிழைபோல ஒரு வெடிப்பு. கந்தோருக்குப் போய்த் தூக்குக்குண்டை எடுத்துவந்து மதிலின் உச்சியிலிருந்து நூலை விட்டேன். மதில் நேராக நின்றால் நூல் அடிக்கல்லை உரசிக்கொண்டு தொங்க வேண்டும். நூலுக்கும் கல்லுக்கும் இடையில் என் சுட்டுவிரல் நுழைந்தது. மதில் ஒழுங்கைப் பக்கம் சரிந்திருந்தது. அதன்கீழே, பத்தடி தள்ளி, நாகம்மா இருந்து மீன் வெட்டிக்கொண்டிருந்தார்.

அடுத்த நாள் ஒரு அலவாங்கைச் சைக்கிளில் கட்டிக்கொண்டு போனேன். மதிலடியில் குத்தினேன். சத்தம் வரவில்லை. கையால் தோண்டிப் பார்த்தேன். முக்காலடியில் கடைசிக் கல் முடிந்து வெறும் மணல் வந்தது.

மூன்றாம் நாள் ஞாயிற்றுக்கிழமை. சண்டிலிப்பாய்க்குப் போய்ப் பொன்னுத்துரையைப் பிடித்தேன். அவர் மறைக்கவில்லை. தங்கள் ஊரில் மதிலுக்கு யார் கிடங்கு வெட்டுகிறார்கள் என்று முதலாளி சொன்னாராம். றோட்டுத் தலைப்பில் மட்டும் பத்தடி நீளத்துக்கு இரண்டடி ஆழம் வெட்டினார்களாம். அந்த இடத்தில் ஏதோ பழைய கட்டடத்தின் கல் கிடந்ததாம். மிச்சம் தொண்ணூறடியும் முக்காலடி. ஏன் எனக்குப் பொய் சொன்னீர்கள் என்று கேட்டேன். அவர் என்னை நேராகப் பார்த்துச் சொன்னார்:

"நீங்கள் வந்தா அலவாங்கு போட்டுப் பாப்பியள் எண்டு தெரியும். பாத்திட்டு முழுக்க வெட்டு எண்டு சொல்லியிருந்தா நான் வெட்டியிருப்பன், முதலாளியும் பேசாமல் இருந்திருப்பார். றோட்டிலை நிண்டுகொண்டு துவங்கச் சொல்லுவியள் எண்டு நான் நினைக்கேல்லை ஐயா."

நாலாம் நாள் முதலாளியிடம் போனேன். சரிவைச் சொன்னேன். கலியாணம் முடியும்வரை மதிலுக்கு மரங்களால் முட்டுக் கொடுத்து வைத்தால் பிறகு ஆறுதலாகப் பார்க்கலாம் என்றேன். அப்போதுதான் இன்னொன்றையும் கண்டேன். பந்தல் போடும் இடத்தில் வெள்ளம் நிற்கக்கூடாதென்று வளவின் உட்பக்கத்தில் ஒன்றரை அடிக்கு மண் நிரவி, அதை மதிலோடு அணைத்து விட்டிருந்தார். மழையில் ஊறிய அந்த மண் முழுதும் மதிலை ஒழுங்கைப் பக்கம் தள்ளிக்கொண்டிருந்தது. முட்டுக் கொடுத்த மதிலோடு சம்பந்தப் பகுதியை எப்படி வரவேற்பது என்று அவர் கேட்டார். பிறகு உள்ளே போய் ஒரு காகிதத்தைக் கொண்டுவந்தார். என் படிவத்தின் பிரதி.

"இது நீர் எழுதினதுதானே தம்பி. ரெண்டடி, கல்லு. கல்லிலை நிக்கிற மதில் எப்பிடிச் சரியும்?"

கோபமாகக் கேட்கவில்லை. தெரிந்துகொண்டுதான் கேட்டார். நான் வந்த பாதையாலேயே வெளியே வந்தேன்.

அன்று முதல் ஒவ்வொரு காலையும் கந்தோருக்குப் போகமுன் நூலை விட்டுப் பார்ப்பேன். ஒன்றரை விரல். அடுத்த நாள் இரண்டு. மழைக்காலத்தில் ஒரு ஓவசியர் மழை பெய்யக்கூடாதென்று கும்பிட்டுக்கொண்டு திரிந்ததை நினைத்தால் இப்போதும் வெட்கமாக இருக்கிறது. போய்ச் சொல்ல வேண்டியதுதான் என்று தெரியும். சொன்னால் என்ன நடக்கும் என்பதும் தெரியும். குடையும் கரியருமாகப் போன அந்த மனிதரின் முதுகு கண்ணுக்குள் நின்றது. இன்னும் நாலு மாதத்தில் என் கடிதம் வரவேண்டும். தங்கைக்கு ஒரு சம்பந்தம் பேசி முக்கால்வாசி முடிந்திருந்தது. மாப்பிள்ளை வீட்டார் முதலில் விசாரித்ததே என் உத்தியோகத்தைத்தான்.

ஐந்தாம் நாள் நான் செய்த வேலையைத்தான் எழுத எனக்குக் கை வரவில்லை. மதிலைத் தொட முடியாது, அதன்கீழே இருக்கிற ஆளையாவது எழுப்பிவிடுவோம் என்று நினைத்தேன். ஆனால் ஏன் என்று சொல்ல முடியாது. மதில் விழும் என்று சொன்னால் பத்து நிமிடத்தில் அது ஒழுங்கை முழுதும் பரவி, பின்னேரத்துக்குள் அருளம்பலத்தின் மேசைக்கு வந்துவிடும். ஆகவே நாகம்மாவுக்கு முன்னால் சைக்கிளை நிறுத்தி, காலைக்கூட ஊன்றி இறங்காமல், "இஞ்சை இருக்கேலாதணை. சபையின்ரை சட்டம். எழும்பி அங்காலை போணை," என்றேன்.

நாகம்மா நாற்பத்தைந்து வயதுக்காரர். என் அம்மாவிலும் சற்று இளமை. என்னை ஏற இறங்கப் பார்த்தார். இவ்வளவு நாளும் இல்லாத சட்டம் எங்கேயிருந்து வந்தது என்று கேட்டார். நான் திரும்பவும் எழும்பச் சொன்னேன். அவருக்கு ஏதோ விளங்கியதுபோல முகம் மாறியது. கடகத்துக்குள் கையை விட்டு நல்ல ஓரா மீன் இரண்டை எடுத்து, பனையோலையில் சுற்றி என்னிடம் நீட்டினார்.

"வீட்டை கொண்டுபோங்கோ தம்பி. என்னை இருக்க விடுங்கோ."

வேண்டாம் என்றேன். அது போதாது என்று நான் நினைப்பதாக எண்ணி இன்னொரு மீனை எடுத்தார். மூன்றையும் வேண்டாம் என்று சொல்லிவிட்டு, கொஞ்சம் கடுமையாகவே எழும்பச் சொன்னேன். அன்று அவர் சாக்கைச் சுருட்டிக்கொண்டு மற்றப் பக்கம் வெயிலில் போய் இருந்தார். அடுத்த நாள் காலை நான் போனபோது மறுபடியும் மதிலடியில் இருந்தார். என்னைக் கண்டும் எழும்பவில்லை. சட்டத்தைக் கொண்டுவந்து வாசித்துக் காட்டினால் எழும்புகிறேன் என்றார். மீன் வாங்க நின்றவர்கள் அவர் பக்கம் சேர்ந்துகொண்டார்கள். ஏழைப் பெண்சாதியிடம் வீரம் காட்டுகிறார் ஓவசியர் என்று ஒருவர் என் காதுபடச் சொன்னார். நான் சைக்கிளை மிதித்துப் போய்விட்டேன்.

ஏழாம் நாளும் எட்டாம் நாளும் தூறல். நூலுக்கும் கல்லுக்குமிடையே மூன்று விரல் போனது. ஒன்பதாம் நாள் விடியப் பெருமழை பெய்து ஓய்ந்தது. போய் நூலை விட்டேன். மூன்றரை விரல். மயிரிழையாக இருந்த வெடிப்புக்குள் என் கைவிரல்கள் நாலும் முழுதாகப் போயின. வெடிப்புக்குள்ளிருந்து தண்ணீர் கசிந்துகொண்டிருந்தது. ஒழுங்கை முனையில் நாகம்மா கடகத்தைத் தலையில் வைத்துக்கொண்டு வருவது தெரிந்தது. நான் சைக்கிளில் ஏறி மிதித்தேன்.

அருளம்பலம் அப்போதுதான் வந்து கதிரையில் இருந்திருந்தார். முன்னால் படிவங்கள். பேனா திறந்திருந்தது. நான் கதவடியில் நின்றேன்.

"ஐயா, அரியாலை மதில் கிடங்கை நான் காணேல்லை. கண்டனான் எண்டு பொய் எழுதினனான்."

அவர் பேனாவை மூடினார். மூடியைத் திருகினார்.

"இப்ப எவ்வளவு சரிஞ்சிருக்கு?"

"மூண்டரை விரல் ஐயா."

"எந்தப் பக்கம்?"

"ஒழுங்கைப் பக்கம்."

"அதிலை ஆக்கள் இருக்கினமோ?"

"மீன் விக்கிற ஒரு பொம்பிளை இருக்கிறா" என்று நான் சொல்லி முடிக்கமுன் அவர் எழும்பிவிட்டார்.

சபை லொறியில் ஆறு தொழிலாளிகள், கயிறு, முட்டுக்குப் பனந்தீராந்தி மரங்கள், மண்வெட்டிகள். ஒழுங்கை முனையில் லொறியை நிறுத்தச் சொன்னார். அதன் அதிர்வு மதிலுக்குப் போகக்கூடாதென்று. நாகம்மாவுக்கு முன்னால் மூன்று பெண்கள் மீன் பார்த்துக்கொண்டு நின்றார்கள். அருளம்பலம் ஓடவில்லை. சாதாரணமாக நடந்து போய், அவருக்குக் கிட்டக் குனிந்து சொன்னார்:

"அம்மா, இந்த மதில் விழப்போகுது. எழும்பி என்னோடை வாங்கோ."

நாகம்மா தலையைத் திருப்பி மதிலை ஒரு தடவை பார்த்தார். ஒரு கேள்வியும் கேட்கவில்லை. கடகத்தை மட்டும் தூக்கிக்கொண்டு எழும்பினார். தராசையும் சாக்கையும் விட்டுவிட்டு அவருக்குப் பின்னால் நடந்து வந்தார். மற்றப் பெண்களும் வந்தார்கள். எல்லாம் ஒரு நிமிடத்துக்குள் முடிந்தது.

ஒழுங்கையின் இரண்டு முனையிலும் கயிறு கட்டிச் சிவப்புச் சீலை தொங்கவிட்டோம். உள்ளே முதலாளி சத்தம் போட்டார். சபைத் தலைவரைத் தனக்குத் தெரியும் என்றார். அருளம்பலம் அதைக் கேட்டுக்கொண்டே சப்பாத்தைக் கழற்றி, காலுறைகளைச் செருகி, மதிலின் உட்பக்கத்தில் வைத்தார். அந்த அவதியிலும் அவர் அந்த வழக்கத்தை விடவில்லை. நடுப்பகுதியில் சற்றுத் தள்ளி நின்று அலவாங்கைக் கைவிட்டார். அது முழங்கையளவு தானாகப் போனது. இழுத்து மணந்து பார்த்தார். தேங்காய் மட்டை ஊறப்போட்ட பழைய கிடங்கு என்றார். யாரோ எப்போதோ நிரவி மூடியது. மதிலில் அணைத்த மண்ணை முதலில் வழித்து எடுங்கள், பிறகு மேல்வரியிலிருந்து ஒவ்வொரு கல்லாகக் கழற்றலாம் என்று தொழிலாளிகளுக்குச் சொன்னார். ஒருவரும் ஒழுங்கைப் பக்கம் கால் வைக்கக்கூடாது என்றார்.

மண்வெட்டிகள் கால்மணி நேரம்கூட வேலை செய்யவில்லை. உச்சியிலிருந்து ஒரு கல் கழன்று ஒழுங்கையில் விழுந்தது. எல்லாரும் பின்னால் வந்தோம். அதற்குப் பிறகு முப்பதடி நீளமான நடுப்பகுதி, உடையாமல் சிதறாமல், பாய் விரித்ததுபோல அப்படியே ஒழுங்கையில் படுத்தது. நான் பெரிய சத்தத்தை எதிர்பார்த்தேன். ஈரத்தில் விழுந்ததால் சத்தம் அடங்கித்தான் கேட்டது. சேறு எதிர்ப்பக்க வேலியில் ஆளுயரத்துக்குத் தெறித்திருந்தது. நாகம்மாவின் சாக்கும் தராசும் கிடந்த இடம் தெரியவில்லை.

முதலாளி வீட்டுக் கலியாணம் கிடுகு வேலியோடு நடந்தது. பிறகு அந்தக் கிடங்கை நாலடிக்குத் தோண்டி, சேற்றை எடுத்து, கல் நிரப்பி அடித்து, அதன்மேல் மதில் கட்டினார். அந்தக் கிடங்கின் ஒவ்வொரு முழத்துக்கும் நான் இறங்கி நின்றேன்.

மதில் விழுந்த அன்று பின்னேரம் அருளம்பலம் என் படிவத்தை எடுத்து மேசையில் வைத்தார். நான் பேனாவை எடுத்து 'பார்வையிட்டேன்' என்பதை வெட்டப் போனேன்.

"உதை வெட்டாதையும். அது கிடக்கட்டும். கீழை எழுதும், காணேல்லை எண்டு."

எழுதினேன். அதற்குக் கீழே அவர் தன் கையால் எழுதினார். அரியாலையில் இரண்டடியில் பாறை என்பதில் தனக்கும் சந்தேகம் வந்ததாகவும், போய்ப் பார்க்காமல் தானும் கையொப்பம் வைத்ததாகவும். இரண்டு விளக்கமும் ஒன்றாகத் தலைவருக்குப் போயின. என் நிரந்தரக் கடிதம் ஒரு வருடம் பிந்தியது. தங்கையின் சம்பந்தம் குழம்பியது. அவளுக்கு இரண்டு வருடம் கழித்து வேறிடத்தில் சரிவந்தது. மதகைப் பார்க்காமல் எழுதிய ஓவசியரை அனுப்பியவர் என்னை ஏன் வைத்துக்கொண்டார் என்று நான் பல வருடம் யோசித்தேன். அவர் ஓய்வுபெற்றுப் போகும்வரை கேட்கத் துணிவு வரவில்லை.

பிறகு இருபது வருடத்தில் எத்தனையோ கிடங்குகளுக்குள் இறங்கினேன். ஆறடிக்கு ஒரு தடவை போதும் என்ற இடத்தில் மூன்றடிக்கு ஒரு தடவை அலவாங்கைப் போடுவேன். ஊரில் எனக்கு அலவாங்கு ஓவசியர் என்று பெயர். ஐந்தடி மதிலுக்கு இவ்வளவு கூத்து எதற்கு என்று கேட்டவர்களுக்கு நான் காரணம் சொன்னதில்லை.

இனி எழுத ஒன்றுதான் இருக்கிறது.

மதில் விழுந்த அடுத்த நாள் காலை நாகம்மாவைப் பார்க்கப் போனேன். ஒழுங்கையின் மற்றப் பக்கத்தில், பழைய இடத்தில், வெயிலில் இருந்தார். தராசில்லாததால் மீனைக் கூறு கட்டி வைத்திருந்தார். சைக்கிளை நிறுத்திவிட்டு அவருக்கு முன்னால் குந்தி இருந்தேன். சட்டம் என்று சொன்னது பொய், மதில் சரிவது எனக்குத் தெரியும், என் பிழை வெளியே வந்துவிடும் என்று பயந்து சொல்லாமல் விட்டேன் என்றேன். அவர் ஒரு மீனைச் செதில் உரித்துக்கொண்டே கேட்டுக்கொண்டிருந்தார்.

"மதில் விழும் எண்டு சொல்லியிருந்தா நான் அண்டைக்கே எழும்பியிருப்பனே தம்பி," என்றார். பிறகு, "எத்தினை நாளாத் தெரியும்?" என்று கேட்டார்.

"ஒன்பது நாள்."

கத்தியை வைத்துவிட்டார். விரலை மடித்து ஏதோ எண்ணினார்.

"அதிலை நாலு நாள் என்ரை மகள் என்னோடை வந்து இருந்தவள். வயித்திலை பிள்ளை, எட்டு மாசம். வீட்டிலை தனிய இருக்கப் பயமாக் கிடக்கெண்டு சொன்னாள், அதுதான் கூட்டிக்கொண்டு வந்தனான். மதிலிலை சாஞ்சு நித்திரை கொள்ளுவாள்."

ஈ ஓட்டிக்கொண்டு பக்கத்தில் யாரோ ஒரு பெண் இருந்தது எனக்கு அப்போதுதான் நினைவுக்கு வந்தது. நான் நூலையும் கல்லையும்தான் பார்த்தேன். அவளைப் பார்க்கவில்லை.

யாரோ வந்து ஒரு கூறு என்ன விலை என்று கேட்டார்கள். நாகம்மா கத்தியை எடுத்துக்கொண்டு அவர்கள் பக்கம் திரும்பினார். நான் இன்னும் கொஞ்ச நேரம் அங்கேயே குந்தி இருந்தேன். அவர் என்னை ஏசவில்லை. திரும்பிப் பார்க்கவும் இல்லை.